முதல் ஓலை ஞாயிறு

தர்சினிக்கு அப்போது ஆறு வயது. அப்பா ஷெல்லடியில் செத்த மறு வருஷம், அம்மா சிவகலா அவளைத் தூக்கிக்கொண்டு இலங்கையிலிருந்து படகேறி, கன்னியாகுமரி மாவட்டத்து அகதி முகாமுக்கு வந்தாள். எல்லைக்கு அந்தப் பக்கம் கேரளத்துப் பாறசாலையில் இருந்த கனகதாசும் புஷ்பபாயும் பிள்ளையில்லாதவர்கள். "நாங்க படிக்க வைக்கியோம்" என்று பிள்ளையைக் கேட்டார்கள். சிவகலா கொடுத்தாள்.

முழுசாகக் கொடுத்தாளா, அதுவும் இல்லை. முகாமில் தலை எண்ணும் நாளெல்லாம் பிள்ளை அங்கே நிற்க வேண்டும். பரீட்சையோ காய்ச்சலோ, பஸ் ஏறி எல்லை தாண்ட வேண்டும். அங்கே போனால் "மலையாளத்தி வந்துட்டா." இங்கே வந்தால் "கேம்ப் பிள்ளை." என்ன கண்றாவிப் பிழைப்பு! புஷ்பபாய் பாசக்காரிதான், குறை சொல்ல முடியாது. ஆனால் சிவகலா பார்க்க வந்தால் மட்டும், "தூரத்துச் சொந்தமாக்கும்" என்பாள். அதற்கும் தலையாட்டிக்கொண்டு நிற்கும் பெற்றவள்மேல்தான் தர்சினிக்குக் கூடுதல் எரிச்சல்.

இருபத்திரண்டு வயதில் உதியன்குளங்கரை சஜினோடு கல்யாணம் நிச்சயமானது. இவர்களுடைய கிறிஸ்தவ சபையில் கல்யாணத்துக்கு முந்திய மூன்று ஞாயிறும் பெண் மாப்பிள்ளை பெயரை, பெற்றோர் பெயரோடு வாசிப்பார்கள். அதற்கு ஓலை என்று பெயர்.

"என்னைப் பெத்தவங்க பேரும் வரணும்" என்றாள் தர்சினி.

"ஊருக்கே தெரிஞ்ச காரியம் மக்கா. அதைக் கோயில்ல நிண்ணு வேற வாசிக்கணுமா?" என்று புஷ்பபாய் அவள் வாயை அடைத்துவிட்டாள்.

ஞாயிறு வந்தது. "கனகதாஸ், புஷ்பபாய் தம்பதியரின் மகள் தர்சினி" என்று வாசித்த போதகர், "இந்தக் கல்யாணத்துக்குத் தடை உண்டென்றால் சொல்லலாம்" என்றார். வழக்கமாக ஒருத்தரும் வாய் திறக்கமாட்டார்கள்.

"உண்டு" என்று கல்யாணப் பெண்ணே எழுந்தாள்.

புஷ்பபாய் அவள் சேலையைப் பிடித்து இழுத்தாள். "இரி மக்கா, மானம் போவுது."

"போகட்டும்! வாசிச்சது பொய், அய்யா. என்னைப் பெத்தவ அந்தா கடைசி பெஞ்சில இருக்கா. வளர்த்தவங்க பேரோட பெத்தவங்க பேரும் வரணும். இல்லாட்டா இனி வாசிக்கண்டாம்."

போதகர் பேனாவை எடுத்தார். "பெத்த அப்பா பேரு என்ன?" என்று கனகதாசைப் பார்த்துக் கேட்டார்.

பதினாறு வருஷம் சோறு போட்ட மனுஷன் திருதிருவென்று விழித்தார். மனைவியைப் பார்த்தார். அவளுக்கும் தெரியவில்லை. ஒருநாள்கூடக் கேட்டதில்லையே, பாவிகள்! தர்சினிக்குப் பற்றிக்கொண்டு வந்தது. வேண்டுமென்றே வாயை மூடிக்கொண்டு நின்றாள்.

கடைசி பெஞ்சு கிரீச்சிட்டது. அந்தக் கோயிலில் அதுவரை வாயே திறக்காத சிவகலா எழுந்து நின்றாள்.

"செல்வராசா" என்றாள். "அவர்தான் பிள்ளைக்குத் தகப்பன். எழுதுங்கோ."