வரப்பில் பூட்ஸ்

எனக்கு மூக்கு நுனியில் கோபம். ஊத்துக்கோட்டைப் பக்கத்தில் இருக்கிற எங்கள் கழனிக்கு அந்த வனக்காப்பாளர் பெண் முதன்முதலாக வந்த அன்றே சண்டை பிடித்தேன். காட்டுப்பன்றித் தடம் பார்க்க, பூட்ஸ் காலோடு வரப்பில் ஏறிவிட்டார்.

"நெல்லு நிக்கிற கழனி மேடம். நாங்களே செருப்பு போட்டுக்கினு வர மாட்டோம். கழட்டிட்டு வா."

அங்கேயே குனிந்து கழற்றினார். அதன்பிறகு எப்போது வந்தாலும் பூட்ஸைக் கையில் தூக்கிக்கொண்டுதான் நடப்பார். பன்றிக்கு யாராவது கரண்ட் கம்பி கட்டியிருக்கிறார்களா என்று கழனி கழனியாகப் பார்ப்பதும் அவர் வேலை. "நஷ்டத்துக்கு மனு குடுக்கலாம். கம்பி மட்டும் வேணாண்ணா" என்பார். நானும் பூம்பூம் மாடு மாதிரி தலையாட்டுவேன்.

பால் பிடித்த பயிரை ஒரே ராத்திரியில் பன்றிகள் உழுதுபோட்டன. வரப்போரம் கம்பி இழுத்து மோட்டாரோடு சேர்த்துவிட்டேன். மோட்டார் ஓடினால் கம்பியிலும் கரண்ட்.

மறுநாள் காலையில் கரண்ட் போய்விட்டது. கரண்ட் இல்லாத கம்பி வெறும் கம்பிதானே என்று அப்படியே விட்டேன். என் மனைவி அதன் பக்கத்திலேயே உட்கார்ந்து மாட்டுக்குப் புல் அறுத்துக்கொண்டிருந்தாள். அப்போதுதான் அவர் வந்தார். கம்பியைப் பார்த்ததும் முகம் மாறிவிட்டது.

"இன்னாண்ணா இது?"

"கரண்டே இல்ல மேடம்."

"மோட்டாரு ஆட்டோலதான கீது?"

எங்கள் பக்கம் கரண்ட் முறை வைத்து வரும். வந்ததும் மோட்டார் தானே ஓடட்டும் என்று எல்லோருமே ஆட்டோவில் போட்டுவைப்போம். எனக்கு அது உறைப்பதற்குள் அவர் பூட்ஸைக் கடாசிவிட்டு வெறுங்காலோடு ஓடினார். என் மனைவியைத் தோளோடு பிடித்துப் பின்னால் இழுத்தார். இருவரும் மல்லாந்து விழுந்தார்கள். எழுவதற்குள் மோட்டார் உறுமியது, தொட்டியில் தண்ணீர் கொட்டியது. அரிவாள் கம்பிக்கடியில் கிடந்தது.

என் மேல் வழக்கு எழுதினார். எழுதட்டும். கும்பிட்டுவிட்டுத்தான் கையெழுத்துப் போட்டேன். நஷ்டத்துக்கான மனுவையும் அவரே உட்கார்ந்து எழுதிக் கொடுத்தார். என் பெண்டாட்டியை எனக்குத் திருப்பிக் கொடுத்த மகராசி அவர்.

இப்போதும் வருகிறார். வரப்போரம் குனியும்போதே நான் கத்துவேன்: "கழட்டாத மேடம், போட்டுக்கினே வா."

"உங்க கழனி மொற அதாண்ணா" என்று கழற்றிவிடுவார்.

புல் அறுக்கிற இடத்திலிருந்து என் மனைவி எழுந்து வந்து, அந்தப் பூட்ஸை வாங்கித் தன் கையில் தூக்கிக்கொண்டு முன்னால் நடப்பாள்.