ஒரு குறி கூடிப்போன பாட்டு

முன்னறையிலிருந்து பியானோ கேட்டது. சமையலறைத் தொட்டியருகே சவரம் செய்துகொண்டிருந்த லெமுவேலின் கை அப்படியே நின்றுவிட்டது. இருபது வருஷமாக மூடிக் கிடந்த பியானோ அது.

“யாரு அது, ஹாட்டி? யாரை உள்ளே விட்டே?”

“க்ளைடுன்னு ஒரு தம்பி. டிரம்பெட் வாசிக்கிறவன். உங்களைப் பார்க்கணும்னு வந்திருக்கான்” என்றாள் அவர் மனைவி, அடுப்பிலிருந்து சோள ரொட்டியை எடுத்தபடி.

அவனை வரவழைத்ததே அவள்தான் என்பது அன்று அந்தச் சமையலறையில் உட்கார்ந்திருந்த கீழ்வீட்டுக்காரியான எனக்கு மட்டும் தெரியும். அவளுடைய இடது காது போன வருஷமே அடைத்துவிட்டது. வலது காதுக்கு டாக்டர் வைத்த கெடு இந்தக் குளிர்காலம்வரை. “என் பாட்டை அவர் கையால ஒரே ஒரு தடவை கேட்டுட்டா போதும், பெர்னீஸ்” என்று என் தோளில் சாய்ந்து அழுதிருந்தாள். கணவரிடம் மூச்சு விடவில்லை. தன்மேல் இரக்கப்பட்டு அவர் வாசிப்பதில் அவளுக்கு விருப்பமில்லை.

சிகாகோ தபால் நிலையத்தில் கடிதங்களை ஊர்வாரியாகப் பிரிக்கும் லெமுவேல் பிராக்ஸ்டன் ஒரு பாட்டு எழுதியவர் என்றால் எங்கள் தெருவில் பாதிப் பேர் சிரிப்பார்கள். ஆனால் ‘ஞாயிறு வரை இரு’ அவருடையதுதான். ஹாட்டியைக் காதலித்த நாட்களில் எழுதியது. அச்சாகி வந்த தாளில், நாலாவது வரியின் முடிவில், சுரத்தை அரைப்படி இறக்கும் ஒரு குறி கூடிப்போயிருந்தது. பியானோவில் இடது கை சிரிக்க வேண்டிய இடத்தில் அழுதது! நடன அரங்குகளில் ஜோடி ஜோடியாக ஆடியவர்கள் அதைக் கவனிக்கவேயில்லை. அவரோ பதிப்பகத்துக்குக் கடிதம்மேல் கடிதம் போட்டார். பதிலே இல்லை. “நான் என் பொண்டாட்டிக்குச் சொன்னதை எவனோ மாத்திட்டான்” என்று பியானோவை மூடியவர்தான்.

பாட்டு அதோடு செத்திருக்கலாம். இரண்டாம் உலகப் போருக்குப் பிறகு ஜாஸ் இளைஞர்கள் பழைய தாள்களைக் கிளறி அதை எடுத்தார்கள். இப்போது எந்தக் கிளப்புக்குப் போனாலும் அதுதான். வானொலியில் வந்தால், லெமுவேல் நாலாவது வரிக்கு முன்பே எழுந்து அணைத்துவிடுவார்.

இப்போது அந்த இடம் அவர் வீட்டுக்குள்ளேயே வந்தது. முகம் நிறைய சோப்பு நுரையோடு ஓடினார்.

“நிறுத்துடா! அது தப்பு!”

க்ளைட் பதறி எழுந்தான். “தப்பா? ஐயா, அந்த ஒரு இடத்துக்காகத்தான் நாங்க எல்லாரும் இதை வாசிக்கிறோம்! எந்த மகராசன் மூளைடா இதுன்னு மண்டையை உடைச்சுக்கிறோம்.”

“அச்சுக்காரன் மூளை! தூங்கி வழிஞ்சிருக்கான். தள்ளு!”

அவனை இடித்துத் தள்ளிவிட்டு உட்கார்ந்தார். சரியான இடத்தைக் காட்டுவதற்காக ஒரு வரி. அதைக் காட்ட முந்தின வரி. அப்புறம் தொடக்கத்திலிருந்தே. நானும் ஹாட்டியும் அவர் பின்னாலேயே முன்னறைக்கு வந்திருந்தோம். ஹாட்டி கைக்குட்டையை வாயில் பொத்திக்கொண்டு போய், வலது காதைப் பியானோவின் பலகைமேல் வைத்துக்கொண்டாள்.

“என்ன பண்றே நீ?”

“இது ஒண்ணுதாங்க மிச்சம்” என்று தன் காதைத் தொட்டுக் காட்டினாள். “இதுவும் போகப்போவுது. நிறுத்தாதீங்க.”

அவர் விரல்கள் தடுமாறின. ஆனால் நிறுத்தவில்லை. கண்ணீர் நுரையில் கோடு போட்டு இறங்கியது. நாலாவது வரி வெயில்போல விரிந்தது.

க்ளைட் மெல்லச் சொன்னான்: “உங்களுது கல்யாணத்தன்னிக்கு மாதிரி இருக்கு ஐயா. நாங்க வாசிக்கிறது, அவ ஊருக்குப் போன மறுநாள் மாதிரி. இன்னிக்கு மேடையில எதை வாசிக்கட்டும்?”

லெமுவேல் மனைவியைப் பார்த்தார்.

“முதல் சுற்று நான் எழுதினபடி. அப்புறம்தான் உங்க வழக்கப்படி அவனவன் இஷ்டமாச்சே.”

“அச்சுக்காரனுக்கும் ஒரு சுற்று?”

“குடுத்துத் தொலை.”

“இன்னொரு தடவை கேட்டுட்டுப் போறேனே?”

“உனக்குக் காது ரெண்டும் நல்லா இருக்குல்ல? அடுத்த வாரம் வா. கிளம்பு!” தொப்பியை எடுத்து அவன் கையில் திணித்தார். பிறகு என்னையும் ஒரு பார்வை பார்த்தார். நானும் நடையைக் கட்டினேன்.

எங்கள் முதுகுக்குப் பின்னால் கதவு சாத்திக்கொண்டது.