எங்கள் இடக்கை அண்ணி

எங்கள் அண்ணியார் எங்களை விட்டுப் போய் ஓராண்டு நிறைகிறது. இந்த நினைவு மலருக்கு அவருடைய சிறப்புகளை மட்டும், அதுவும் ஒரு பக்கத்துக்குள், எழுதும்படி அண்ணன் சொல்லியிருக்கிறார். நாத்தனார் கையில் பேனாவைக் கொடுத்துவிட்டு இப்படியெல்லாம் கேட்டால் நடக்குமா? பெரியவர்கள் பொறுத்தருள வேண்டும்.

அண்ணியார் ருஷ்யாவில், வோல்கா ஆற்றங்கரையில் ஒரு சிற்றூரில் பிறந்தவர். குழந்தையிலேயே தந்தையைப் போரில் இழந்தவர். ஓவியக் கல்லூரியில் படித்து, மரப்பலகையில் படம் செதுக்கி, மை தடவி, தாளில் அச்செடுக்கும் கலையிலும் நீர்வண்ண ஓவியத்திலும் தேர்ந்தவர். அங்கே பொறியியல் படிக்கப் போன அண்ணன், பட்டத்தோடு அவரையும் அழைத்துக்கொண்டு எங்கள் ஊரான கச்சிராயபாளையத்தில் வந்து இறங்கினார். பட்டம் வாங்கியதை முன்பே கடிதத்தில் எழுதியிருந்தார். அண்ணியைப் பற்றி எழுத மறந்துவிட்டாராம்.

அம்மா மூன்று நாள் சாப்பிடவில்லை. நான்காம் நாள் ஒருவழியாக இலையில் உட்கார்ந்தார். புது மருமகள் ஆசையாக இடது கையால் சோறு போட்டார். அம்மா எழுந்து போய்விட்டார்.

அண்ணியார் பிறவியிலேயே இடக்கைக்காரர். பரிமாறவும் சாப்பிடவும் வலது கையை எப்படியோ பழக்கிக்கொண்டார். தீக்குச்சி கிழிக்க மட்டும் அந்தக் கை கடைசிவரை வளையவில்லை. அம்மாவோ, "சோத்துக்கை இருக்கசொல்ல பீச்சாங்கையால வெளக்கு ஏத்தினா வூடு வெளங்குமா?" என்று ஒரே பிடியாக நின்றார். வீட்டுக்கு விளக்கேற்ற வந்தவள் என்று மருமகளைச் சொல்கிறோம். எங்கள் அண்ணியார் ஆறு வருடம் தள்ளி நின்று கும்பிட்டார். அது அவருக்கு வலித்தது எனக்குத் தெரியும். தெரிந்தும் தினமும் தீப்பெட்டியை வாங்கிக்கொண்டவள் நான்தான்.

அவர் வேலையை மட்டும் விடவில்லை. கள்ளக்குறிச்சி முழுக்கத் தேடியும் படம் அச்செடுக்கும் இயந்திரம் கிடைக்கவில்லை. நேராக எங்கள் ஊர்க் கரும்புச்சாறு கடை மாமாவிடம் போனார். கையால் சுற்றும் அந்த உருளைகளுக்கு நடுவே மெல்லிய பலகையையும் தாளையும் கம்பளித் துண்டையும் சேர்த்துக் கொடுத்தார். "இன்னாம்மா, கட்டைல சாறு வருமா?" என்றார் மாமா. படம் வந்தது. கூடவே எறும்பும் வந்தது. மறுநாள் பிழிந்த முதல் இரண்டு தம்ளர் சாறு கறுப்பாக வந்தது.

ஞாயிற்றுக்கிழமைகளில் கல்வராயன் மலைக்குப் பேருந்து ஏறிவிடுவார். "மலை பச்சையாத்தான கீது, நீ இன்னாத்துக்கு ஊதா பூசற?" என்று வெள்ளிமலையில் ஒரு அம்மாள் கேட்டதற்கு, "வெடிகாலைல வந்து பாருங்க, ஊதாவாத்தான் இருக்கும்" என்றார். அதற்குள் தமிழ் அவ்வளவு வந்துவிட்டது.

முதல் பொங்கலுக்கு மாமியாருக்குப் பரிசாக, அம்மா விளக்கேற்றும் காட்சியைச் செதுக்கிக் கொடுத்தார். அம்மாவின் மூக்கு, கொண்டை, முறைப்பு எல்லாம் அச்சு அசல். ஆனால் படத்தில் அம்மா இடது கையால் ஏற்றிக்கொண்டிருந்தார்!

"என்னையே பீச்சாங்கைக்காரி ஆக்கிட்டா பாரு! பதிலுக்குப் பதில் பேசறா!"

"இல்லைங்க அத்த, அச்சுல எடது வலது மாறிப் பூடும். பலகைல திருப்பிப் போட மறந்துட்டேன்."

கல்லூரியில் முதல் மாதமே சொல்லித் தந்த பாடமாம். ஆனால், எந்தக் கை என்பதெல்லாம் ஒரு விஷயம் என்று அந்த மனுஷிக்குத் தோன்றவேயில்லை. படம் அரிசி மூட்டைக்குப் பின்னால் போனது. அதன்பிறகு எந்தப் பலகையையும் கண்ணாடியில் காட்டிப் பார்க்காமல் அவர் கத்தி வைத்ததில்லை.

ஆறாவது வருடக் கார்த்திகை தீபத்தன்று இன்னொரு தாளைக் கொண்டுவந்து அம்மாவிடம் நீட்டினார். அதில் அண்ணியார் விளக்கேற்றுகிறார். வலது கையால்.

"இது நீயா?"

"நான்தாங்க அத்த. பலகைல பீச்சாங்கைதான். வேணும்னே திருப்பாம வுட்டேன். சோத்துக்கையால ஏத்த இதுக்குமேல எனக்கு வழி தெரியலைங்க."

அம்மா படத்தைப் பார்த்தார். மருமகளின் கையைப் பார்த்தார். அதில் கத்தி பட்ட தழும்புகள் நிறைய இருந்தன. திடீரென்று அம்மாவுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. கூடவே கண்ணும் கலங்கியது.

"கள்ளி! காயிதத்துல ஏமாத்தறா பாரு. அது உன் கை இல்லடி. போ, உன் கையாலயே ஏத்து."

என் கையிலிருந்த தீப்பெட்டியைப் பிடுங்கி அவரிடம் கொடுத்தார். அன்று முதல் எங்கள் வீட்டு விளக்கு இடது கையால்தான் எரிந்தது. வீடு நன்றாகவே விளங்கியது.

கடைசி மூன்று மாதம் அண்ணியாரால் எழுந்திருக்க முடியவில்லை. ஜன்னல் வழியே மலையைப் பார்த்து, "இன்னிக்கு ஊதா ஜாஸ்தி" என்பார். அப்போது தாயைப்போல் பார்த்துக்கொண்ட செவிலியருக்கும், இரவு பகல் துணையிருந்த பக்கத்து வீட்டாருக்கும், கறுப்புச் சாற்றைக்கூடக் கோபிக்காமல் குடித்த ஊராருக்கும் எங்கள் குடும்பத்தின் நன்றி. இறுதி ஊர்வலத்தன்று கடையடைத்துவிட்டு முன்னால் நடந்தவர் கரும்புச்சாறு மாமாவின் மகன். அவருக்குத் தனியாக ஒரு கும்பிடு.

இந்த மலரின் அட்டையில் இருப்பது அந்தக் கார்த்திகைப் படம்தான். அதில் வலது கை தெரியும். தயவுசெய்து யாரும் நம்ப வேண்டாம்.

அவரை அனுப்பிவிட்டு வந்த மாலை, அண்ணன் தீப்பெட்டியை என்னிடம் நீட்டினார். இடது கையால் கிழித்தேன். மூன்று குச்சி ஒடிந்தது. நான்காவது பற்றிக்கொண்டது, அண்ணி.