உயிரோடை இருந்த அம்மாவுக்கு அடிச்ச கல்வெட்டு

நெல்லியடியிலை அச்சுக்கூடத்திலை நிண்டே தலை நரைச்சவன் நான். நாலாம் வகுப்போடை பள்ளிக்கூடம் சரி. எங்களிட்டை வாறதிலை முக்கால்வாசி கல்வெட்டுத்தான், செத்தவரின்ரை முப்பத்தோராம் நாள் அந்தியேட்டிக்குச் சனத்துக்குக் குடுக்கிற புத்தகம். மட்டையிலை படம், ரெண்டு பக்கமும் குத்துவிளக்கு, உள்ளுக்குத் தேவாரம். நித்திரையிலையும் அடிப்பன்.

போன மாசம் ஒரு பின்னேரம் தலைப்பாகை கட்டின ஒருத்தர் வந்தார். சிங் எண்டு பேர், ரோட்டு வேலைக்கு வந்த இந்திய இஞ்சினியர். சென்னையிலை பழகின தமிழ்.

"ஐயா, அம்மா ஊர்லருந்து வந்திருக்காங்க. கண் ஆபரேஷன், போன்ல படிக்க முடியல. சாயந்தரப் பிரார்த்தனை பெரிய எழுத்துல வேணும். மனப்பாடமா சொன்னா பாதியில மறந்துடுது. நேத்து அந்தக் கவலையில சாப்பிடவே இல்ல. இன்னிக்குப் பொழுது சாயறதுக்குள்ள குடுங்க."

கம்பியூட்டரிலை இருக்கிற சாந்தினி தேடினா. முதல் வந்தது இங்கிலிசு எழுத்திலை. அம்மாவுக்குத் தங்கடை பஞ்சாபி எழுத்துத்தான் தெரியும் எண்டார். பிறகு கிடைச்சதைக் கொப்பி பண்ணிப் போட்டா, எல்லாம் வெறுங் கட்டமாய் நிண்டுது. கடைசியிலை பிடிஎஃப்பை அப்பிடியே பெருப்பிச்சு எடுத்தா.

"மட்டையை நான் பாக்கிறன்" எண்டன். ஒரு எழுத்தும் விளங்கேல்லை, ஆனா சாமி பாட்டுப் புத்தகம் எனக்குத் தெரியாததோ? சிங்கிட்டை அம்மாவின்ரை படமும் கேட்டன். இந்த ஊர் வழக்கமாக்கும் எண்டு அந்தாளும் அனுப்பினார். படத்துக்கு வட்டம் போட்டன், விளக்கு வைச்சன், கறுப்புக் கரை அடிச்சன். வடிவாய்த்தான் இருந்துது.

சாந்தினி மட்டையைத் தூக்கிப் பாத்தா.

"அண்ணை, உந்த மனிசி வெளியிலை நிக்கிற வானுக்குள்ளை இருந்து தண்ணி குடிக்கிறா."

"அதுக்கென்ன?"

"நீங்கள் அவவுக்கு அந்தியேட்டி முடிச்சிட்டியள்."

ஒளிக்க முதல் அம்மா உள்ளை வந்திட்டா. வெயில் இறங்குது, பிரார்த்தனைக்கு வீட்டை போக நேரம் காணாது. வந்தவ மட்டையைத்தான் முதல் எடுத்தா. மகனைக் கேட்டா, மகன் என்னைக் கேட்டார். நான் மேசையைப் பாத்துக்கொண்டு சொன்னன், "இது செத்தவைக்குப் போடுறது, தம்பி."

சிங்கின்ரை முகம் கறுத்துப் போச்சு. அம்மாவுக்குச் சொன்னார். மனிசி படத்தை வடிவாய்ப் பாத்திட்டு என்னவோ சொல்ல, அவருக்குச் சிரிப்பு வந்திட்டுது.

"படம் நல்லா வந்திருக்காம். பத்திரமா வைங்க, பின்னாடி உதவும்ங்கிறாங்க. இப்ப எழுத்தைக் குடுங்க."

அம்மா செருப்பைக் கழட்டி, சால்வையாலை தலையை மூடி, எங்கடை மர வாங்கிலை இருந்துகொண்டு வாசிக்கத் துடங்கினா. சாந்தினி மெசினை நிப்பாட்டினா. அம்மா ஒரு இடத்திலையும் தடக்கேல்லை.

அண்டைக்குப் பிறகு ஆர் வந்தாலும், படம் வாங்க முதல் ஆள் உயிரோடை இருக்கிறாரோ எண்டு கேக்கிறன். சில பேருக்குக் கோவம் வருகுது. வரட்டும்.