ஹாரன் அண்ணன் பயணியாகப் போன நாள்

சுற்றுலா பஸ் ஓட்டுகிறவருக்கு ஊரெல்லாம் அத்துப்படி என்று நாம் நினைத்துக்கொள்கிறோம். ஹாரன் அண்ணனிடம் சொன்னால் சிரிப்பார். அவருக்கு அத்துப்படி ஆனது சாலை மட்டும்தான். எந்தத் திருப்பத்தில் பைக்குக்காரன் குறுக்கே பாய்வான், எந்தப் பாலத்தின் கீழே கூரை உரசும், எந்த சிக்னலில் வண்டியை அணைத்துவிட்டு நிதானமாகக் கொட்டாவி விடலாம், இவையெல்லாம் தெரியும். ஊர் என்பது முதுகுக்குப் பின்னால் மைக்கில் கேட்கிற ஒரு குரல். "இடது பக்கம் மேலே பாருங்க" என்று கைடு பெண் சொல்லுவாள். நாற்பது தலைகள் இடது பக்கம் திரும்பும். ஒரு தலை மட்டும் திரும்பாது. அது திரும்பினால் மற்ற நாற்பதுக்கும் ஆபத்து.

காலையில் நகரம், மத்தியானத்துக்கு மேல் விண்வெளி அருங்காட்சியகம், சாயங்காலம் புறப்பட்ட இடத்துக்கே திரும்புவது. ஏழெட்டு வருஷமாக இதுதான் அவருடைய ஓட்டம். நிறுத்தும் இடம் ஒவ்வொன்றிலும், கிளம்பும் நேரம் வந்தால் ஒரு நொடி பொறுக்க மாட்டார். இரண்டு தடவை ஹாரன் அடிப்பார். ஐஸ்கிரீமும் கையுமாக ஆட்கள் ஓடி வருவார்கள். "ஒரு நிமிஷம் டிரைவர், பையன் பாத்ரூம் போயிருக்கான்" என்று யாராவது கெஞ்சினால், "எல்லாருக்கும் ஒரு நிமிஷம்னா எனக்கு விடிஞ்சிடும்மா" என்பார். பெயர் அப்படி வந்ததுதான். சொந்தப் பெயர் அடையாள அட்டையோடு சட்டைப்பைக்குள் கிடந்தது.

அந்த அருங்காட்சியகத்தின் உள்ளே அவர் காலை வைத்ததில்லை. அவருக்குத் தெரிந்தது அதன் பின்பக்கச் சுவர். சுவரை ஒட்டி பஸ்கள் நிற்கும் இடம், ஒரு தண்ணீர்க் குழாய், ஓட்டுநர்கள் உட்காரும் தகரக் கொட்டகை. இன்னொரு பஸ் வந்தால் வண்டியை நகர்த்தித் தர வேண்டும் என்பதால் யாரும் வண்டியை விட்டு அந்தண்டை போகக் கூடாது. லீவு நாளில் போய்ப் பார்க்கலாமே என்றால், அதற்கும் வழியில்லை. அருங்காட்சியகம் மூடியிருக்கும் கிழமையில்தான் சுற்றுலாவும் கிடையாது. அதனால் அவருடைய வார விடுமுறையும் அதன் வார விடுமுறையும் ஒரே நாள்.

இதெல்லாம் அவரை உறுத்தியதே இல்லை, அந்தக் கலம் வரும் வரை.

நிஜமாகவே விண்வெளிக்குப் போய்த் திரும்பி வந்த கலம். எங்கிருந்தோ இரவலாக வாங்கி வந்து நடுக்கூடத்தில் வைத்திருந்தார்கள். வந்த நாளிலிருந்து, பஸ் ஏறுகிறவர்கள் வாயில் வேறு பேச்சே இல்லை. ஹாரன் அண்ணன் கண்ணாடி வழியாக முகங்களைப் பார்த்துக்கொண்டே காதைப் பின்னால் விட்டுவிடுவார். பள்ளிக்கூட வாத்தியார் ஒருவர், "எங்க மாடித் தண்ணித் தொட்டி அளவுதான் சார்" என்றார். ஒரு அம்மாள், "பெரிய மணி. கோபுரத்துல தொங்குமே, அந்த மாதிரி" என்றாள். ஒரு சின்னப் பெண், "கருகிப்போன பன்" என்று முடித்துவிட்டது. "அதுக்குள்ள மூணு பேராம். எங்க வீட்டு பீரோவுலகூட இதைவிட வசதியா ஒளியலாம்" என்றாள் புதுசாகக் கல்யாணமான ஒருத்தி.

கேட்டதையெல்லாம் அவர் வீட்டில் வந்து கொட்டுவார். அவர் மனைவிக்கு மருந்துக்கடையில் வேலை. நாள் முழுக்க டாக்டர்களின் கிறுக்கலைப் படித்துப் படித்து, எதையும் பாதி சொன்னாலே பிடித்துக்கொள்ளும் பழக்கம் வந்துவிட்டவள். அவளுக்கே இது பிடிபடவில்லை.

"தொட்டின்றீங்க, மணின்றீங்க, பன்னுன்றீங்க. எதுதான் அது?"

"அதான் எனக்கும் தெரியல."

"போய்ப் பார்த்துடுங்களேன்."

"எப்பப் போறது?"

அந்த 'எப்ப'வுக்கு ஒரு நாள் முடிவு கட்டப்பட்டது. இரவல் காலம் முடிந்தது, இந்த வாரக் கடைசியில் கலத்தைத் திருப்பி அனுப்புகிறார்கள் என்று கைடு பெண் மைக்கிலேயே சொல்லிவிட்டாள். அன்று சாப்பிடும்போது ஹாரன் அண்ணன் தட்டில் விரலால் மணி ஒன்றை வரைந்தார். அழித்தார். தொட்டி ஒன்றை வரைந்தார். மனைவி பார்த்துக்கொண்டே இருந்தாள். மறுநாளே இரண்டு டிக்கெட்டோடு வந்தாள்.

"லீவு போடுங்க."

"நான் ஓட்டுற பஸ்ல நானே டிக்கெட் எடுத்து உக்காரணுமா? டிப்போவுல மானம் போயிடும்."

"மானம் போனா திரும்பி வரும். அந்த மணி போனா வராது."

ஆக, புதுச் சட்டை போட்டுக்கொண்டு, நாலாவது வரிசையில் ஜன்னலோரம் ஹாரன் அண்ணன் உட்கார்ந்தார். அவர் இடத்தில் வேறு தடத்திலிருந்து வந்த ஓட்டுநர். ஆள் கெட்டிக்காரன்தான், ஆனால் பிரேக்கைச் சற்றுத் தாமதமாகப் பிடிக்கிறவன். ஒவ்வொரு தடவையும் ஹாரன் அண்ணனின் வலது கால் தரையை அழுத்தியது.

"காலை எடுங்க. தரை ஓட்டையாயிடப் போகுது" என்றாள் மனைவி.

மணிக்கூண்டு வந்தது. கைடு பெண் மைக்கை எடுத்தாள். அவள் என்ன சொல்லப் போகிறாள் என்று ஹாரன் அண்ணனுக்கு மனப்பாடம். அவள் வாயைத் திறக்கும் முன்பே இவர் உதடு அசைந்தது. "இடது பக்கம் மேலே பாருங்க. கடிகாரத்துக்குக் கீழே குடத்தோட ஒரு கல் பொண்ணு." அப்புறம்தான், இன்றைக்குத் தானும் பார்க்கலாம் என்பது அவருக்கு உறைத்தது. கழுத்தைத் திருப்பினார்.

இத்தனை வருஷமாக அவர் மனதுக்குள் ஆளுயரத்துக்கு நின்றவள், ஒரு முழம்கூட இல்லை. குடத்தை இடுப்பில் வைத்திருந்தாள். குடத்துக்குள் ஒரு புறா உட்கார்ந்திருந்தது.

"இவளா?" என்றார் வாய்விட்டு.

மனைவியும் எட்டிப் பார்த்தாள். "தூக்கத்துல 'இடது பக்கம் மேலே பாருங்க'ன்னு உளறுவீங்களே. இவளுக்காகத்தானா? நான் யாரோன்னு இத்தனை நாள் பயந்துட்டேன்."

பழைய நீதிமன்றம், ஆற்றுப் பாலம், பூக்கடை வீதி எல்லாமே அப்படித்தான். வசனம் தெரியும், படம் தெரியாது. சின்னப் பிள்ளை போல் ஜன்னலை விட்டு முகத்தை எடுக்கவே இல்லை அவர்.

அருங்காட்சியகத்தில்தான் சிக்கல் வந்தது. புது ஓட்டுநர் வண்டியைப் பின்னால் எடுத்துச் சுவரோரம் விட வேண்டும். இடம் குறுகல். பின்னால் நின்று சொல்ல ஆள் இல்லை. ஹாரன் அண்ணன் தன்னை அறியாமல் இறங்கினார். பஸ்ஸின் முதுகில் தட்டி, "வா, வா, வா... லெஃப்ட் ஒடி... இன்னும் வா... போதும்!" என்றார். அதோடு வந்திருக்கலாம். கை பழக்கத்தில் டயர் ஒவ்வொன்றையும் ஒரு உதை உதைத்துப் பார்த்தார். குழாயில் முகம் கழுவினார். கொட்டகையில் உட்கார்ந்து தண்ணீர் பாட்டிலைத் திறந்த பிறகுதான், 'நான் இங்கே என்ன செய்கிறேன்?' என்று தூக்கிவாரிப்போட்டது.

ஓடினார். கூட்டம் போய்விட்டிருந்தது. பின்னாலேயே வருகிறார் என்று நினைத்து மனைவியும் போய்விட்டாள். எல்லாருடைய டிக்கெட்டும் கைடு பெண்ணிடம். போட்டோ எடுக்கக் கொடுத்த மனைவியின் போனோ இவர் பையில்.

வாசலில் இருந்த வாட்ச்மேனுக்கு இவரை நன்றாகத் தெரியும். சிக்கலே அதுதான்.

"டிரைவர் கொட்டகை அந்தப் பக்கம்ண்ணே."

"இன்னைக்கு நான் டிரைவர் இல்லப்பா. பயணி."

"சரி சரி. நான்கூட போன வாரம் மந்திரியா இருந்தேன்."

"டிக்கெட் உள்ள இருக்கு. சத்தியமா."

"இங்க வர்ற ஓட்டுநர் எல்லாருக்கும் டிக்கெட் உள்ளதாண்ணே இருக்கும். இப்பதான் உங்க பஸ்ஸுக்கு ரிவர்ஸ் சொன்னீங்க, நானே பார்த்தேன். பயணி எவனாவது டயரை உதைப்பானா?"

கவுண்டரில் வேறு டிக்கெட் வாங்கலாம் என்று போனால், கடைசி நுழைவு முடிந்து அங்கே பலகை தொங்கியது. கைடு பெண்ணின் போன் அடித்து அடித்து ஓய்ந்தது. கண்ணாடிக் கதவு வழியாகத் தெரிந்ததெல்லாம் ஒரு நீண்ட நடை, அதன் கோடியில் வெளிச்சமாக ஒரு கூடம். இவ்வளவு தூரம் வந்தும், கலத்தைப் பற்றி இன்னொருவர் சொல்லித்தான் கேட்க வேண்டும் போலிருந்தது. அந்த வெளிச்சத்தைப் பார்த்தபடியே கால் மாற்றிக் கால் மாற்றி நின்றார்.

உள்ளே மனைவி கலத்தின் முன்னால் போய் நின்று, "பாருங்க" என்று திரும்பியிருக்கிறாள். பக்கத்தில் யாரோ ஒரு ஆள், "என்னம்மா?" என்றிருக்கிறார். கைடு பெண்ணை இழுத்துக்கொண்டு வாசலுக்கு வந்தவள் மூச்சு வாங்கினாள்.

"அதுல மூணு பேரு வானத்துக்குப் போயிட்டுப் பத்திரமா வீடு திரும்பியிருக்காங்க. உங்களால பார்க்கிங்லேர்ந்து வாசலுக்கு வர முடியல!"

வாட்ச்மேன் டிக்கெட்டைப் பார்த்தான், ஹாரன் அண்ணனின் புதுச் சட்டையைப் பார்த்தான், சல்யூட் ஒன்று வைத்தான்.

"அண்ணே, நேரம் கொஞ்சம்தான் இருக்கு" என்றாள் கைடு பெண். "நீங்க போட்ட நேரம்தான். நான் மாத்த முடியாது."

ராக்கெட்டுகளைத் தாண்டி ஓடினார்கள். நிலாக் கல்லைத் தாண்டினார்கள். கூடத்துக்குள் நுழைந்ததும் அவர் நடை தானாக நின்றது.

யாரும் பொய் சொல்லவில்லை. உருவம் மணி. அளவு மாடித் தண்ணீர்த் தொட்டி. அடிப்பக்கம் சந்தேகமே இல்லாமல் கருகிய பன். திறந்திருந்த வாசல் வழியாக, பீரோவைவிட நெருக்கமான உள்ளே, மல்லாந்து படுக்கிற மாதிரி மூன்று இருக்கைகள். ஹாரன் அண்ணன் சுற்றிலும் கட்டியிருந்த கயிற்றின் மேல் சாய்ந்து தேடினார். ஸ்டியரிங்கைத் தேடினார். கண்ணாடியைத் தேடினார். பக்கத்தில் ஸ்டூலில் உட்கார்ந்திருந்த அருங்காட்சியக ஊழியப் பெண்ணிடம் கேட்டார்.

"இதுல பின்னாடி பாக்குறது எப்படிம்மா?"

அவள் சிரிக்கப் பார்த்தாள். அவர் முகத்தைக் கண்டதும் எழுந்து வந்தாள். "திரும்பி வர்றப்போ முதுகு காட்டித்தான் சார் வருவாங்க. அடிப்பக்கம்தான் முன்னால. அதான் அங்க கருகியிருக்கு."

"ரிவர்ஸ்லயேவா?"

"ரிவர்ஸ்லயேதான்."

"அப்ப எதிர்ல என்ன வருதுன்னு?"

"தெரியாது. ஜன்னல்ல வந்த வழிதான் தெரியும். கீழேர்ந்து ரேடியோவுல சொல்லுவாங்க."

"வா, வா, லெஃப்ட் ஒடின்னு."

"கிட்டத்தட்ட. ஆனா நடுவுல கொஞ்ச நேரம் அதுவும் கேக்காது சார். சுத்தி ஒரே நெருப்பு. குரல் உள்ள போகாது."

அவர் கருகிய அடிப்பக்கத்தை ஒரு தடவை பார்த்தார். பிறகு தாழ்ந்த குரலில், "அந்த நேரத்துல என்ன பண்ணுவாங்க?" என்றார்.

"கேட்டது எல்லாம் சரியா இருக்கும்னு நம்பி உக்காந்திருப்பாங்க."

வெளியே ஹாரன் இரண்டு தடவை அடித்தது. அவருடைய பஸ்ஸின் ஹாரன். வெளியிலிருந்து அவர் அதைக் கேட்பது அதுவே முதல் தடவை. அது எரிச்சலான சத்தம் என்று பலர் சொல்லியிருக்கிறார்கள். அவர் நம்பியதில்லை.

"வாங்க, கூப்பிடுறான்" என்றாள் மனைவி.

"ஒரு நிமிஷம்" என்றார் ஹாரன் அண்ணன். சொல்லிவிட்டுக் குனிந்து, தரையோடு தரையாகக் கன்னத்தை வைத்து, கருகிய அடிப்பக்கத்தை ஒரு ஓரத்திலிருந்து மறு ஓரம் வரைக்கும் பார்த்தார். ஹாரன் மறுபடி அடித்தது. அவர் எழுந்திருக்கவில்லை.

பஸ்ஸில் ஏறியபோது எல்லாரும் கைதட்டினார்கள். "எல்லாருக்கும் ஒரு நிமிஷம்னா எனக்கு விடிஞ்சிடும்ண்ணே" என்றாள் கைடு பெண். மைக்கை அவர் வாயருகே நீட்டினாள். "சொல்லுங்க. தொட்டியா, மணியா?"

ஹாரன் அண்ணன் வாயைத் திறந்தார். யோசித்தார். "தொட்டி அளவுதான்" என்றார். "ஆனா... நேர்ல பாக்கணும்" என்று மைக்கைத் திருப்பித் தள்ளிவிட்டார்.

நாலாவது வரிசைக்கு அவர் போகவில்லை. கடைசி இருக்கைக்குப் போய், முழங்காலை மடித்துப் பின்பக்கமாகத் திரும்பி உட்கார்ந்து, பெரிய கண்ணாடி வழியாக வெளியே பார்த்தார். சாலை அவரை விட்டு விலகி விலகிப் போயிற்று. மனைவி பக்கத்தில் வந்து முன்பக்கம் பார்த்து உட்கார்ந்தாள். முன்னால் பிரேக் தாமதமாகப் பிடித்தது. அவர் கால் அசையவில்லை.

"எங்க வந்திருக்கோம்னு தெரியுதா?" என்று கேட்டாள்.

"தெரியல. நீ சொல்லு."

அவள் நிமிர்ந்து உட்கார்ந்து, தொண்டையைச் செருமிக்கொண்டாள். "ஆத்துப் பாலம் வருது. பெரிய லாரி ஒண்ணு எதிர்ல. போயிடுச்சு. இப்ப மணிக்கூண்டு... வலது பக்கம் மேலே பாருங்க."