விழுவதற்கு முன் நாற்பது விநாடி

கோசலை தோசை மாவோடு வழுக்கி விழும் வீடியோ உங்கள் கைபேசிக்கும் வந்ததா? நீங்களும் சிரித்தீர்களா?

சிரித்ததைக் குற்றம் சொல்லவில்லை. விழுகிற படங்கள் கோசலைக்கே பிடிக்கும். 2009இல் பாரிஸ் வந்து, அகதி விண்ணப்பத்துக்குப் பதில் வராத மாதங்களில், தமிழ்க் கடைகள் உள்ள லா சப்பல் பகுதியில் ஒரு நூலகத்தில் சனிக்கிழமைகளில் பழைய ஊமைப்படங்களை இலவசமாகக் காட்டினார்கள். பிரெஞ்சு தேவையில்லை, உள்ளே குளிரும் இல்லை. பசை வாளி, ஏணி, தடித்த பொலிஸ்காரன் என்று பத்து நிமிடத்தில் எல்லாரும் விழுந்து முடிப்பார்கள். அந்தப் படங்களில் யாரும் விதியால் விழுவதில்லை என்பதை அவர் கவனித்திருந்தார். பழத்தோலைப் போட்டவனை முதலில் காட்டிவிட்டுத்தான் மற்றவனை விழுத்துவார்கள்.

பிறகு எட்டு வருடம், புறநகரான செவ்ரானிலிருந்து ரயிலேறி வந்து ஓர் உணவகச் சமையலறையில் வேலை. அங்கே பாத்திரம் கழுவும் மெஷின் ஒரு மாதமாக ஒழுகியது. எல்லாரும் முதலாளியிடம் சொன்னார்கள். அவர் திருத்தவில்லை. 2018 மார்ச்சில் மாவு வாளியோடு கோசலை விழுந்தார். ஊமைப்படத்தில் விழுந்தவன் மறுநொடி எழுந்து ஓடுவான். இவருக்கு மணிக்கட்டு இரண்டு இடத்தில் முறிந்தது.

முதலாளி ஸ்ரீஸ்கந்தராசா சமையலறைக் கமெராவில் பதிவானதை அன்றே நண்பர்களுக்கு அனுப்பினார். விழுவது மட்டும் இருந்த துண்டுக்கு அவ்வளவு சிரிப்பு வரவில்லை போலும். முன்னால் நாற்பது விநாடி சேர்த்து மறுபடி அனுப்பினார். அதில் அவரே அந்த இடத்தில் வழுக்குகிறார், சுற்றுமுற்றும் பார்க்கிறார், தண்ணீர்மேல் ஒரு பெட்டி மட்டையைப் போட்டு மறைத்துவிட்டுப் போகிறார். அந்த மட்டையில்தான் கோசலை கால் வைக்கிறார்.

விபத்துப் பத்திரத்தில் மட்டும், தரை காய்ந்திருந்தது, செருப்புத் தடுக்கி விழுந்தார் என்று எழுதினார். கட்டுப்போட்ட கையோடு கோசலை அதைக் கேட்கப் போனபோது ஆறுதலும் சொன்னார்.

"அக்கா, உங்களுக்கு இப்ப ஏழரைச் சனி. ஒரு அர்ச்சனை செய்யுங்கோ."

"சனியோ தம்பி மட்டை போட்டது? படத்திலை உங்கடை கையெல்லோ தெரியுது."

வழக்குப் போடாதே என்று சொந்தக்காரர் ஒரு டசின் பேர் சொன்னார்கள். தமிழன் தமிழனைக் கோர்ட்டுக்கு இழுப்பதா என்றார்கள். தமிழன் தமிழனின் கையை முறிக்கலாமாம், அதைக் கேட்கத்தான் கூடாதாம். கோசலை போட்டுவிட்டார். அந்தக் கையால் இன்னும் ஒரு செம்பு தண்ணீர் தூக்க முடியாது.

ஆனால் படம் ஊமை. ஒரு மாதமாகச் சொன்னோம் என்று அது சொல்லாது. அந்தச் சமையலறையில் வேலை செய்த நாலு பேரே, உங்களுக்குத்தான் எழுதுகிறேன். கோர்ட்டில் கொடுப்பதற்காக, வரும் வெள்ளிக்கு முன் ஒரு தாளில் நீங்கள் கண்டதை உங்கள் கையால் எழுதி, கையெழுத்திட்டு, அடையாள அட்டைப் பிரதியோடு கோசலையிடம் கொடுங்கள்.