பெயர் பொது, முகம் சொந்தம்

எக்ஸ்ரே எடுக்கிற அவள், ஆஸ்பத்திரியில் எல்லோருக்கும் எக்ஸ்ரேக்கா. தள்ளுவண்டி உருட்டுகிறவர் முதல் பெரிய டாக்டர் வரை அப்படித்தான் கூப்பிடுவார்கள். பதிவேட்டில் இருக்கிற பெயரைச் சொல்லி விசாரித்தால் பாதிப் பேர் முழிப்பார்கள். அது நல்லதுக்குத்தான் என்றுகூட அவள் நினைத்ததுண்டு. ஏனென்றால் அந்தப் பெயருக்கு ஊரில் ஏற்கெனவே மூன்று சொந்தக்காரிகள் இருந்தார்கள். மூன்று பேருமே பெரிய இடம்.

முதலாவது, நீதிபதி. அவர் இளம் வக்கீலாக இருந்த காலத்தில் பஸ் கண்டக்டர்களைக் கூண்டோடு வேலையை விட்டு நீக்கினார்கள். அவர்களுக்காக வாதாடி, அத்தனை பேரையும் திரும்பவும் பஸ்ஸில் ஏற்றிவிட்டவர் அந்த அம்மாதான். அப்படி ஏறினவர்களில் ஒருவர் எக்ஸ்ரேக்காவின் அப்பா. வேலை திரும்பக் கிடைத்த கையோடு பெண் குழந்தை பிறக்க, வேறு பெயரை அவர் யோசிக்கவே இல்லை. இரண்டாமவள், தொலைக்காட்சியில் மாலைச் செய்தி வாசிப்பவள். அவள் புருவத்தை உயர்த்தினால் மந்திரிகளுக்கு வியர்க்கும் என்பார்கள். மூன்றாமவர், நகரமைப்புத் துறையின் உயர் அதிகாரி. அவருக்கு முன்னெழுத்துகூட எக்ஸ்ரேக்காவுடையதுதான்.

பல வருஷங்களாக இது வெறும் சிரிப்பாகத்தான் இருந்தது. போனில் பெயரைச் சொன்னதும் எதிர்முனையில் குரல் குழையும். வேலையைச் சொன்னதும் பழையபடி விறைத்துக்கொள்ளும். கடைத்தெருவில் கண்ணாடிக் கடை வைத்திருக்கும் அவள் புருஷனுக்கு அதில் தனி சந்தோஷம். ஜன்னல் கண்ணாடி வெட்டிக்கொண்டே, "ஒருத்தியக் கட்டினேன், மூணு பேரு சேந்து வந்துட்டாங்க" என்பார்.

சிரிப்பு நின்றது, கால்வாய்க்கரை வீடுகளை இடித்த அன்று.

கொட்டுகிற மழையில் இயந்திரங்களைக் கொண்டுவந்து இறக்கினார்கள். சாமான்களை எடுக்க அவகாசம் கேட்டவர்களை ஓரம் தள்ளினார்கள். கரையோரத்தில் துணி தைத்துப் பிழைத்த ஒரு வயதானவர், தையல் மெஷினை மட்டுமாவது எடுத்துவிடலாம் என்று உள்ளே ஓடினார். பக்கத்துச் சுவர் அவர்மேல் சாய்ந்து உயிர் போனது. ஊரே கொதித்துப்போனது.

அன்று மாலை எக்ஸ்ரேக்கா துணி மடித்துக்கொண்டிருந்தாள். புருஷன் டிவி முன்னால் உட்கார்ந்திருந்தார்.

"இங்க பாரேன், நீ டிவியில வர்ற."

அவள் சிரித்துக்கொண்டேதான் திரும்பினாள். திரையில் அவள் முகம்தான். ஆஸ்பத்திரி விழாவில் கதிர்வீச்சுப் பாதுகாப்பைப் பற்றி மைக் முன்னால் பேசியபோது எடுத்த படம். கழுத்தில் அடையாள அட்டை, பின்னால் பேனரில் பெயர், முகத்தில் பேச்சு நன்றாக வந்துவிட்ட திருப்தி. படத்துக்குக் கீழே சிவப்புப் பட்டையில், இடிக்க உத்தரவிட்ட அதிகாரி இவர் என்று எழுத்து ஓடியது. செய்தி வாசித்தவளோ அதே பெயர்க்காரி. தன் பெயரையே வாயில் போட்டு மென்று துப்புகிற மாதிரி உச்சரித்து, ஏழையின் உயிர் இவருக்கு எம்மாத்திரம் என்று கேட்டாள்.

மடித்த துணி மடியிலிருந்து சரிந்ததைக்கூட எக்ஸ்ரேக்கா கவனிக்கவில்லை.

விடிவதற்குள் அந்தப் படம் ஊரிலுள்ள போன்களிலெல்லாம் புகுந்து புறப்பட்டுவிட்டது. நாத்தனார் குடும்பக் குழுவில் அதைப் போட்டு, "அண்ணி, இது நீங்கதானே?" என்று கேட்டிருந்தாள். கேள்வியைவிட, அதற்குக் கீழே யாரும் ஒரு வார்த்தை பேசாமல் இருந்ததுதான் அவளைச் சுட்டது. காலையில் கடை திறக்கப் போன புருஷன் வாசலில் நின்று போன் செய்தார். முன்பக்கத்துக் கண்ணாடிகள் பூராவும் நொறுங்கிக் கிடந்தன.

"கண்ணாடிக் கடைமேல கல்ல வீசினா குறி தப்பவா செய்யும்?" என்று சிரிக்கப் பார்த்தார்.

ஆஸ்பத்திரியில் கதை இன்னும் மோசம். கை முறிந்த பையனைக் கூட்டிவந்த ஒரு தாய், எக்ஸ்ரேக்காவைப் பார்த்ததும் பிள்ளையைப் பின்னால் இழுத்துக்கொண்டாள். இவள் தொட்டுப் படம் எடுப்பதாக இருந்தால் வேண்டாம், வேறு ஆஸ்பத்திரி பார்த்துக்கொள்கிறோம் என்றாள். அந்த அம்மாவிடம் ஆத்திரப்படவும் எக்ஸ்ரேக்காவால் முடியவில்லை. அவள் இடத்தில் தான் இருந்தாலும் அதைத்தானே செய்திருப்போம் என்று பட்டது.

கண்காணிப்பாளர் கூப்பிட்டனுப்பினார். நல்ல மனுஷர்தான், அதனாலேயே அன்று அவரைப் பார்க்க எரிச்சலாக வந்தது. அது நீ இல்லை என்று எனக்குத் தெரியும், எல்லாருக்கும் தெரியும், ஆனாலும் சூடு ஆறும்வரை லீவில் போய்விடேன் என்று தணிந்த குரலில் சொன்னார்.

"எல்லாருக்கும் தெரியும்னா நான் எதுக்கு சார் ஒளியணும்?"

அவர் பேனாவை மூடி மூடித் திறந்தார். கடைசியில், லீவு வேண்டாமென்றால் பழைய எக்ஸ்ரே படங்கள் அடுக்கியிருக்கிற பின்கட்டு அறையில் கொஞ்ச நாள் உட்காரட்டும், ஆட்கள் கண்ணில் பட வேண்டாம் என்று முடித்துவிட்டார். ஜன்னலில்லாத அறை. இத்தனை வருஷம் யாரோ எவரோ எலும்பையெல்லாம் வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தவள், அங்கே தன் முகத்தை மறைத்துக்கொண்டு உட்கார்ந்தாள். அழுகை வரவில்லை. கோபம்தான் வந்தது.

மறுநாள் நேராகத் தொலைக்காட்சி நிலையத்துக்குப் போனாள். வரவேற்பில் இருந்த பெண் பெயரைக் கேட்டாள், இவள் சொன்னாள். "மேடம் பேரு இல்லம்மா, உங்க பேரு" என்றாள் அந்தப் பெண். இவளுக்கு வந்த கோபத்தில் அடையாள அட்டையைக் கழற்றி மேஜைமேல் வைத்தாள்.

செய்திப் பிரிவின் பொறுப்பாளர் என்று ஒருவர் இறங்கி வந்தார். உட்காரச் சொன்னார், தண்ணீர் கொடுத்தார். "நெட்டுல தேடினா உங்க படம்தான் மேடம் முதல்ல வந்துச்சு" என்றார், தப்பு அவளுடைய படத்தினுடையது என்கிற மாதிரி.

"பேரு ஒண்ணா இருக்கேன்னு ஒருத்தர் எலும்ப இன்னொருத்தர் கவர்ல போட்டுக் கொடுத்தா என்னை விடுவாங்களா?"

அவர் தலையாட்டினார். நல்ல கேள்வி என்றுகூடச் சொன்னார். படத்தை அப்போதே எடுத்தாகிவிட்டது, இனி யாரும் பார்க்க முடியாது, அது போதாதா என்றார். தப்பு என்று அதே செய்தியில், அதே ஆள் வாயால் சொல்ல வேண்டும் என்றாள் இவள். மேலிடத்தில் கேட்க வேண்டும் என்றவர், கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டே எழுந்தார். கண்ணாடிச் சுவருக்கு அந்தப் பக்கம், செய்தி வாசிப்பவள் முகப்பூச்சோடு நடந்துபோனாள். ஒரு தரம் திரும்பிப் பார்த்தாள், நிற்கவில்லை.

அப்பாவுக்கு விஷயம் தெரிந்ததும் சட்டையை மாட்டிக்கொண்டு வந்துவிட்டார். "நீ எந்திரி. நாம ஜட்ஜம்மாகிட்டப் போவோம். அவங்க பேருக்கே ஆகாதும்மா இது. ஒரு வார்த்த சொன்னா ஊரே கேக்கும்" என்றார். ஓய்வு பெற்ற நீதிபதியின் வீடு மரங்கள் அடர்ந்த தெருவில் இருந்தது. கேட்டில் நின்ற காவலாளி யாரென்று கேட்டான். அவள் பெயரைச் சொன்னாள். அவன் முகம் கறுத்துவிட்டது. வயதான அம்மாவின் பெயரைச் சொல்லி நக்கல் செய்கிறாள் என்று நினைத்துவிட்டான். அப்பா குறுக்கே புகுந்து, கண்டக்டர் கேஸ், பெண் பிறந்தது, பெயர் வைத்தது எல்லாவற்றையும் முதலிலிருந்து சொன்னார். அவன் உள்ளே போய்த் திரும்பி வந்தான். அம்மா யாரையும் பார்ப்பதில்லையாம். தனிப்பட்ட வழக்கு எதிலும் கருத்துச் சொல்வதில்லையாம். நல்ல வக்கீலாகப் பார்க்கச் சொன்னார்களாம்.

பஸ்ஸில் திரும்பினார்கள். இறங்குகிற இடத்தில் அப்பா, "அன்னிக்கு எங்ககிட்ட அப்படிப் பேசினாங்கம்மா. தோள்ல கை போட்டுப் பேசினாங்க" என்றார். அவளுக்குத் தன் அவமானத்தைவிட அது தாங்கவில்லை.

மிச்சம் இருந்தது அதிகாரி. வாசலில் நெடுநேரம் காக்கவைத்தாலும் உள்ளே விட்டார்கள். பெயர் செய்த உபகாரம் அது ஒன்றுதான். பெரிய மேஜை, தரையைத் தொடுகிற திரைச்சீலை, குளிர். அந்த அம்மாள் இவளைவிட உயரம், நிறமும் வேறு. எந்தக் குருடனும் இரண்டு பேரையும் ஒன்றென்று சொல்ல மாட்டான். இவள் சொன்னதையெல்லாம் தலைசாய்த்துக் கேட்டார்.

"நானும் பாத்தேன். உங்களுக்குச் சிரமமாத்தான் இருக்கும்."

"பாத்துட்டு சும்மாவா இருந்தீங்க?"

"நான் எதுக்கு மறுப்பு சொல்லணும்? படத்துல இருக்கிறது நான் இல்லையே."

நிதானமாகத்தான் சொன்னார். எக்ஸ்ரேக்காவுக்கு அப்போதுதான் முழுசாக உறைத்தது. இந்த அம்மாள் நேற்றும் கடைக்குப் போயிருப்பார். காய்கறிக்காரர் சிரித்துக் கொடுத்திருப்பார். ஒருத்தரும் முகம் சுளித்திருக்க மாட்டார்கள். இவருக்கு வர வேண்டிய கல், காறித்துப்பல், சாபம் எல்லாம் இன்னொருத்தி முகவரிக்குப் போய்க்கொண்டிருக்கிறது. அது போகிறவரை போகட்டும் என்று இவர் குளிரில் உட்கார்ந்திருக்கிறார்.

அவள் நாற்காலியைப் பின்னால் தள்ளிக்கொண்டு எழுந்தாள். "உங்க பாவத்துக்கு என் மூஞ்சிய வாடகைக்கு விடல" என்று சொல்லிவிட்டு வெளியே வந்தாள்.

வந்தவள் வீட்டுக்குப் போகவில்லை. கால்வாய்க்கரை ஆட்களை ஒரு பழைய கிடங்கில் தங்கவைத்திருந்தார்கள். அங்கே போகப் போகிறேன் என்று புருஷனுக்குப் போன் செய்தாள். உனக்குப் பைத்தியமா, அடித்தே போட்டுவிடுவார்கள் என்று கத்தினார். ஆனால் அவள் போய்ச் சேருவதற்கு முன்னாலேயே கிடங்கு வாசலில் வந்து நின்றார், கையில் கட்டோடு. கடையில் சில்லு பொறுக்கும்போது கிழித்துக்கொண்டதாம்.

அவள் உள்ளே நுழைந்தாள். ஈரத்துணிக் கொடிகளுக்கு நடுவிலிருந்து ஆட்கள் ஒவ்வொருவராக எழுந்தார்கள். ஒரு ஆள் கட்டைத்துண்டு ஒன்றைக் கையில் எடுத்தான். எக்ஸ்ரேக்கா நடுவில் போய் நின்று, அந்த டிவி படம் தன்னுடையதுதான், உத்தரவு தன்னுடையதில்லை, தான் ஆஸ்பத்திரியில் எக்ஸ்ரே எடுக்கிறவள் என்று உரக்கச் சொன்னாள். யாரும் நம்பின மாதிரி தெரியவில்லை.

பின்னாலிருந்து ஒரு பெண் ஆட்களை விலக்கிக்கொண்டு வந்தாள். சலவைக்கடையில் துணி தேய்க்கிறவள். செத்துப்போன தையல்காரரின் மகள். கிட்டத்தில் வந்து முகத்தையே பார்த்தாள்.

"இடிச்ச அன்னிக்கு அந்தம்மா கார விட்டு எறங்கல. கண்ணாடியக் கொஞ்சமா எறக்கி, கைய மட்டும் காட்டினாங்க. கைதான் எனக்குத் தெரியும்."

இவளுடைய கையைப் பிடித்துத் திருப்பிப் பார்த்தாள். ஓயாமல் கழுவிக் கழுவித் தோல் வறண்ட கை. விட்டுவிட்டாள்.

"உங்க படத்தத்தான்கா நாங்க செருப்பால அடிச்சோம்" என்றாள். "அப்போ எங்கப்பாவக் கொன்னவங்க மூஞ்சிய நாங்க இன்னும் பாக்கவே இல்லையா?" என்று கேட்டாள். அந்தக் கேள்விக்கு அப்புறம் கட்டைத்துண்டு தானாகக் கீழே போனது.

அடுத்த நாள், தப்பைத் திருத்தச் சொல்லி, தொலைக்காட்சி நிலையத்தின் வாசலில் கால்வாய்க்கரை முழுக்க உட்கார்ந்திருந்தது. கோஷம் இல்லை, கல் இல்லை. ஆளுக்கு ஒரு பழந்துணியை விரித்து உட்கார்ந்தார்கள், வண்டி எதுவும் உள்ளே போக முடியாதபடி. போட்டிச் சேனல்கள் மோப்பம் பிடித்து வந்துவிட்டன. அதுவரை பிடி கிடைக்காத மேலிடம் மதியத்துக்குள் கிடைத்துவிட்டது.

மாலைச் செய்தியில் திருத்தம் வந்தது. அதே பெயர்க்காரிதான் வாசித்தாள். ஆனால் எப்படி வாசித்தாள்? ஒரே பெயரில் இரண்டு பேர், என் பெயரும் அதுவே, என்ன ஒரு சுவாரசியம் என்று பல் தெரியச் சிரித்துக்கொண்டு. மன்னிப்பு என்ற சொல் அந்தச் சிரிப்புக்குள் எங்கேயோ விழுந்து காணாமல் போனது. எக்ஸ்ரேக்காவின் புருஷன், சரி, சொல்லிவிட்டார்களே என்று ஆறுதல் சொல்லப் போய் நன்றாக வாங்கிக் கட்டிக்கொண்டார்.

"ஒரு மனுஷன் செத்திருக்காரு. என் பேர வெச்சு வேடிக்க காட்டுறாளா?"

இருந்தாலும் திருத்தம் திருத்தம்தான். கண்காணிப்பாளர் அவளை மறுபடி எக்ஸ்ரே அறைக்கு அனுப்பினார். வருத்தம் என்று ஏதோ முனகினார். அவள் வேலைக்குக் கிளம்பினாள். நாத்தனார் போன் செய்து, தனக்கு அப்போதே தெரியும் என்றாள். எக்ஸ்ரேக்கா போனை வைத்துவிட்டாள்.

இடித்ததைப் பற்றி விசாரணை வைத்தார்கள். பாதிக்கப்பட்டவர்கள் மனுக் கொடுக்கலாம் என்று அறிவிப்பு வந்தது. தையல்காரரின் மகள் கொடுத்தாள், எக்ஸ்ரேக்காவும் கொடுத்தாள். உனக்குத்தான் எல்லாம் சரியாகிவிட்டதே, இன்னும் எதற்கு என்று அப்பாகூடக் கேட்டார். தெரிந்தே என் முகத்துக்குப் பின்னால் ஒளிந்தவரை நான் சும்மா விடுவதா என்றாள்.

விசாரணை மண்டபத்தில் கூட்டம் பிதுங்கியது. எழுத்தர் எழுந்து அந்தப் பெயரை முன்னெழுத்தோடு சத்தமாகக் கூப்பிட்டார். முன்வரிசையில் அதிகாரி எழுந்தார். மூன்றாவது வரிசையில் எக்ஸ்ரேக்கா எழுந்தாள். மண்டபம் இரண்டு பேரையும் மாறி மாறிப் பார்த்தது. எழுத்தர் குழம்பி, மனுதாரரா எதிர்த்தரப்பா என்று கேட்டார்.

"எதிர்த்தரப்பு அவங்க. நல்லாப் பாத்துக்குங்க" என்றாள் எக்ஸ்ரேக்கா.

படம் பிடிக்கிறவர்கள் முன்வரிசைக்கு ஓடினார்கள். அதிகாரி கைப்பையை முகத்துக்கு நேராகத் தூக்கினார். தையல்காரரின் மகள் பெஞ்சு மேலேயே ஏறி நின்று, கண் இமைக்காமல் அவரைப் பார்த்தாள்.

விசாரணை முடிந்து, அதிகாரிக்குப் பதவி போனது. வழக்கு இன்னும் நடக்கிறது. கரையில் வீடு திரும்பக் கிடைத்தது சிலருக்கு மட்டும்தான். அந்தப் பழைய படம் யாராவது ஒரு புண்ணியவான் போனிலிருந்து இன்றைக்கும் கிளம்பி வருகிறது. போன வாரம்கூட, கால் சுளுக்கிக்கொண்டு வந்த ஒருவர் படுக்கையில் படுத்தபடியே, "உங்கள எங்கேயோ பாத்திருக்கேனே" என்றார்.

"பாத்திருப்பீங்க. அது தப்பு" என்றாள் எக்ஸ்ரேக்கா. "ஆடாம இருங்க."

விளக்கை அணைத்துவிட்டுப் பொத்தானை அழுத்தினாள்.